உண்மை நகல்

ரூவியில் அன்று வாதி இறங்கியது.
மலையிலிருந்து வரும் ஓடையை இங்கே அப்படித்தான் சொல்கிறார்கள்.
வழக்குப் போட வந்த மாதிரியே
ஷட்டருக்கு அடியில் நுழைந்து
கீழ்த்தட்டு ஃபைல்களைத் தன் பக்கம் எடுத்துக்கொண்டது.
கம்ப்ரசர்கள் தப்பின. கேஸ் சிலிண்டர்கள் மிதந்தன.
கம்பெனி பிறந்த காகிதம் மட்டும்
ஊறவைத்த அவலாகிவிட்டது.

பேங்க்காரன் கேட்கிறான்:
நிறுவன ஒப்பந்தம், முத்திரையோடு, முப்பது நாளுக்குள்.
ஜெராக்ஸ் இருக்கிறதே என்றேன்.
ஜெராக்ஸ் ஜெராக்ஸ்தான் என்றான்.
வாதி கொண்டுபோன பிறகு
பிரதி கேட்டு அலைகிறவன் பிரதிவாதிதானே.

பேச்சிமுத்து அண்ணாச்சி ஆஞ்சியோ முடிந்து
பாளையங்கோட்டையில் படுத்திருக்கிறார்.
'நீயே போயிட்டு வாடே, ஒனக்குத் தெரியாததா.'
எனக்குத் தெரிந்ததெல்லாம்
எந்த மெஷின் எந்தச் சத்தத்தோடு சாகும் என்பது.

சனத் கடையில் ஷம்ஸா.
கீபோர்டுக்குப் பக்கத்தில் பாதி தின்ற சாண்ட்விச்.
கம்பெனி பெயர்?
பொதிகை.
அவள் திரையில் அது பூதிகா.
அவர்கள் எழுத்தில் நம் பொதிகையின் பொ கிடையாதாம்.
பல்லுக்கும் பல்புக்கும் ஒரே எழுத்தை வைத்து
ஓட்டிக்கொண்டிருக்கும் மொழிக்காரன் நான்,
என்ன சொல்ல முடியும்.

பதிவு எண் தண்ணீரோடு போயிருந்தது.
பெயரை வைத்துத் தேடினால்
ஒரு பூதிகா சோஹாரில் மீன் விற்கிறது.
ஒரு பூதிகா கலைக்கப்பட்டுவிட்டது.
மூன்றாவதுதான் நாங்கள்:
நாலு டெக்னீஷியன், ஒரு பிக்கப்,
கையெழுத்துக்குச் சுலைமான் பின் நாசர்.

நீ யார் இந்தக் கம்பெனிக்கு?

அவள் கடுமையாகக் கேட்கவில்லை.
படிவத்தில் ஒரு கட்டம் இருந்தது, அவ்வளவுதான்.
பங்குதாரர். மேலாளர். அதிகாரம் பெற்றவர்.
பத்தொன்பது வருஷமாக
அல் குவைர் மொட்டைமாடிகளில் ஆகஸ்ட் மாதம்
குனிந்து நிற்பவன் என்பதற்குக் கட்டம் இல்லை.

சுலைமான் நிஸ்வாவில், பேரீச்சை அறுப்பில்.
போனுக்கு வந்த ஆறு எண்களை
ஒருமுறை தப்பாகச் சொன்னார்,
மறுமுறை நேரம் கடந்தபின் சொன்னார்,
மூன்றாம் முறை
நான் அதிகாரம் பெற்றவன் ஆனேன்.
வெளியே வந்து ஒரு டீ குடித்தேன்.
ஒன்றும் வித்தியாசமாக இல்லை.

நாலாம் நாள் வந்தது. ஒன்பது பக்கம்,
இடப்பக்கம் ஆங்கிலம், வலப்பக்கம் அரபி.
நோக்கம்: குளிரூட்டல், அது தொடர்பான யாவும்.
காலம்: இருபத்தைந்து ஆண்டு,
அதற்குள் கலைக்கப்படாத பட்சத்தில்.
லாபம், நஷ்டம், மரணம், ஒவ்வொன்றுக்கும் ஒரு பிரிவு.
ஏழாம் பக்கம் சாட்சிகள்.
முதல் சாட்சி சுலைமானின் தம்பி, சுழித்துச் சுழித்து.
இரண்டாம் சாட்சிக்கு நேராக
மொழிபெயர்ப்பாளர் குறித்திருக்கிறார்:
வாசிக்க இயலாத கையொப்பம்.

நான் வாசித்தேன்.
வே. இசக்கியப்பன்.
க-வுக்கு மேல் புள்ளி வைக்காமல்.

மறந்தே போயிருந்தேன்.
வேலைக்குச் சேர்ந்த மூன்றாம் வாரம்,
மாடியிலிருந்து கூப்பிட்டார்கள்.
'சும்மா ஒரு கையெழுத்துடே.'
என்ன ஏதென்று கேட்கவில்லை.
கை துடைக்கக் கந்தல் தேடினேன், கிடைக்கவில்லை.
பெயருக்குப் பக்கத்தில்
கட்டைவிரல் அகலத்துக்குக் கம்ப்ரசர் எண்ணெய்.
எங்கள் காகிதம் வெள்ளத்தோடு போன அன்றும்
அமைச்சகத்தின் ஏதோ ஓர் அலமாரியில்
அது பாட்டுக்கு இருந்திருக்கிறது.
இப்போது அதன் விளிம்பில் ஏறி உட்கார்ந்திருக்கிறது
நீல முத்திரை:
அசலுக்குச் சரி.

ஷம்ஸா பக்கத்தைத் திருப்பிப் பார்த்தாள்.
அழுக்கு, ஸ்கேனர் கண்ணாடியில் இருந்திருக்கும்,
வேறு அனுப்பச் சொல்லட்டுமா என்றாள்.
அசலிலேயே அப்படித்தான் என்றேன்.

பேங்க்குக்கு ஒன்று போதும்.
இன்னொன்றுக்கும் எழுதிக்கொடுத்தேன்.
பதினொரு ரியால் ஐந்நூறு பைசா.
ரசீது யார் பெயருக்கு என்று கேட்டாள்.
எழுத்துக் கூட்டிச் சொன்னேன்,
கடைசியில் வரும் ப்ப-வை அவள்
எப்படியோ சமாளித்தாள்.